பெயரும் பிளவும்: வட அயர்லாந்தின் அரசியல் வரலாறும் மூன்று படைப்புகளும்

தமிழ் உரைநடையின் வரலாற்றைக் கற்பிப்போர் கத்தோலிக்கர் – புரோட்டஸ்டண்டார் பூசலை ஒருமுறையேனும் தொட்டுச் செல்லாமல் இருப்பதில்லை. பதினெட்டாம் நூற்றாண்டின் முற்பகுதியில் தரங்கம்பாடி லுத்தரன் சபைப் போதகர்களை எதிர்த்து வீரமாமுனிவர் எழுதிய ‘வேதவிளக்கம்’, ‘பேதகமறுத்தல்’ ஆகிய நூல்கள் நம் இலக்கிய வரலாறுகளில் நிலைபெற்றுவிட்டன. அப்பூசல் கொள்கைப் பூசல். வேதத்திற்குப் பொருள்கூறும் அதிகாரம் யாருக்கு உரியது, திருச்சபை மரபுக்கு என்ன மதிப்பு என்பன போன்ற வினாக்களைச் சுற்றியே அது சுழன்றது. இறைவனைச் சர்வேசுரன் என்பதா, பராபரன் என்பதா எனும் சொல்வழக்கு வேறுபாடாகவும் தமிழில் அது நெடுநாள் நீடித்தது. ஒரு நூலுக்கு மறுப்பு, அம்மறுப்புக்கு மற்றொரு மறுப்பு என ஏட்டளவில் நடந்த போர் அது.

இப்பழக்கத்தோடு வட அயர்லாந்தை நோக்கும்போதுதான் இடர் நேர்கிறது. கத்தோலிக்கரும் புரோட்டஸ்டண்டாரும் மோதினர் என்று படித்தவுடன் அதனைச் ‘சமயப்போர்’ என்று தமிழ்ப்படுத்திவிடுகிறோம். 1960களின் இறுதி தொடங்கி 1998 வரையிலான முப்பதாண்டு வன்முறையில் 3,500க்கும் மேற்பட்டோர் மாண்டனர். திருவிருந்தின் அப்பம் கிறிஸ்துவின் உடலாக மாறுகிறதா இல்லையா எனும் வினாவிற்காக இவர்களுள் ஒருவரேனும் கொல்லப்பட்டார் என்று சொல்ல இயலாது. கொன்றவரும் கொல்லப்பட்டவரும் கோயிலுக்குச் செல்பவராக இருந்திருக்கலாம், இல்லாமலும் இருந்திருக்கலாம். அவர்கள் சுமந்த பெயர் மட்டும் மாறவில்லை. அப்பெயர் எவ்வாறு அரசியல் பெயராயிற்று என்பதை முதலில் பார்த்து, பின்னர் அதனைப் பொருளாகக் கொண்ட மூன்று படைப்புகளை மதிப்பிட முற்படுகிறோம். அவை பிரையன் பிரீல் எழுதிய ‘டிரான்ஸ்லேஷன்ஸ்’ நாடகம் (1980), பிராங்க் மக்கின்னஸ் எழுதிய அல்ஸ்டர் படைவீரர் நாடகம் (1985), அன்னா பர்ன்ஸ் எழுதிய ‘மில்க்மேன்’ நாவல் (2018) ஆகியன. முதல் நாடகம் மொழிபெயர்ப்பியல் வகுப்புகளிலும் பின்காலனிய வகுப்புகளிலும் அயர்லாந்துச் சிக்கலுக்கே திறவுகோல் என்பதுபோல் கற்பிக்கப்படுகிறது. அவ்வழக்கத்தில் நமக்கு உடன்பாடில்லை.

நிலம் தந்த பெயர்

பிளவின் வேர் நிலத்தில் உள்ளது. அல்ஸ்டரின் கேலிக் குடித்தலைவர்கள் 1607இல் நாட்டைவிட்டு வெளியேறியபின், அவர்தம் நிலங்களை ஆங்கில அரசு கைப்பற்றி, 1609 முதல் இங்கிலாந்திலிருந்தும் ஸ்காட்லாந்திலிருந்தும் மக்களைக் கொணர்ந்து குடியமர்த்தியது. லண்டன் நகரத்து வணிகக் குழுமங்கள் பொருளுதவி செய்தன. அதற்கு ஈடாக டெரி எனும் பழைய ஊர் 1613ஆம் ஆண்டுப் பட்டயத்தின்படி லண்டன்டெரி ஆயிற்று. இன்றளவும் அவ்வூரை எப்பெயரால் சுட்டுகிறார் என்பதைக் கொண்டே ஒருவர் எப்பக்கத்தவர் என்று அயலார் ஊகித்துக்கொள்கின்றனர். வந்தேறியவர் புரோட்டஸ்டண்டார், நிலமிழந்தவர் கத்தோலிக்கர் என்பதால் நில உரிமைக்கும் சமயப் பெயருக்கும் இடையே முடிச்சு விழுந்தது. 1690இல் பாயின் ஆற்றங்கரையில் மூன்றாம் வில்லியம், இரண்டாம் ஜேம்சை வென்றார். அதன்பின் இயற்றப்பட்ட தண்டனைச் சட்டங்கள் கத்தோலிக்கரின் நிலவுரிமை, கல்வி, பதவி ஆகியவற்றை நெரித்து அம்முடிச்சை மேலும் இறுக்கின.

ஆயினும் அம்முடிச்சு எக்காலத்தும் அவிழாததாக இருந்ததில்லை. அல்ஸ்டரில் குடியேறிய ஸ்காட்லாந்தியர் பெரும்பாலும் பிரெஸ்பிட்டேரியன் சபையினர். அரசின் திருச்சபையோ ஆங்கிலிக்கன் சபை. 1704ஆம் ஆண்டுச் சட்டம் பிரெஸ்பிட்டேரியரையும் அரசுப் பதவிகளிலிருந்து விலக்கிவைத்தது. ஆக, புரோட்டஸ்டண்டார் எனும் பெயருக்குள்ளேயே ஆள்வோரும் புறந்தள்ளப்பட்டோரும் இருந்தனர். (நம் துறையினர் போற்றும் கால்டுவெல் 1814இல் அல்ஸ்டரின் அன்ட்ரிம் மாவட்டத்தில், ஸ்காட்லாந்துப் பெற்றோர்க்குப் பிறந்தவர். ‘அயர்லாந்தில் பிறந்தார்’ என்று ஒரே தொடரில் இதனைக் கடந்துவிடும் நம் இலக்கிய வரலாறுகள், அவர் அங்கு எம்மக்களிடையே பிறந்தார் என்பதைச் சொல்வதில்லை. அயர்லாந்தியர் என்பது அங்கு ஒற்றைப் பெயரன்று.)

இப்புறந்தள்ளலின் விளைவாகவே 1791இல் பெல்பாஸ்ட்டில் ஐக்கிய அயர்லாந்தியர் கழகம் தோன்றியது. தோற்றுவித்தோருள் பெரும்பான்மையர் பிரெஸ்பிட்டேரியர். அவர்தம் கொள்கை வகுத்த உல்ப் டோன் ஆங்கிலிக்கன் சபையில் பிறந்தவர். கத்தோலிக்கர், புரோட்டஸ்டண்டார், மறுப்புச் சபையார் எனும் மூன்று பெயர்களையும் நீக்கி, அயர்லாந்தியர் எனும் ஒரு பெயரையே அனைவர்க்கும் உரியதாக்க வேண்டும் என்பது அவர் குறிக்கோள். பிரெஞ்சுப் புரட்சியின் வழிவந்த இக்குடியரசுக் கொள்கை, பெயர் நீக்கத்தை ஓர் அரசியல் திட்டமாகவே முன்வைத்தது என்பது கருதத்தக்கது. 1798இல் அன்ட்ரிம், டவுன் மாவட்டங்களின் பிரெஸ்பிட்டேரிய உழவர்கள் ஆங்கில அரசுக்கு எதிராக ஆயுதம் ஏந்தித் தோற்றனர். அதற்கு மூன்றாண்டுக்கு முன்பே, 1795இல், அர்மா மாவட்டத்தில் ஆரஞ்சு சங்கம் உருவாகியிருந்தது. பெயர்களை நீக்க விழைந்த இயக்கமும் ஒரு பெயரைக் காக்க எழுந்த இயக்கமும் ஒரே நிலப்பரப்பில், ஒரே பத்தாண்டில் பிறந்தவை.

பின்னது வென்றது. அதற்குரிய காரணங்களும் சமயக் கொள்கை சார்ந்தவையல்ல. 1801இல் அயர்லாந்து பிரிட்டனுடன் இணைக்கப்பட்டது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் பெல்பாஸ்ட்டின் லினன் ஆலைகளும் கப்பல் கட்டும் தளங்களும் பேரரசின் சந்தையை நம்பி வளர்ந்தன. டப்ளினில் தன்னாட்சி மன்றம் அமையுமாயின் அங்குக் கத்தோலிக்கரே பெரும்பான்மையராவர். அம்மன்றம் தம் தொழிலையும் நிலையையும் குலைக்கும் என்று அல்ஸ்டர்ப் புரோட்டஸ்டண்டார் அஞ்சினர். தன்னாட்சி மசோதாக்கள் 1886, 1893, 1912 ஆகிய ஆண்டுகளில் வந்தபோது அவ்வச்சம் படிப்படியாக முற்றியது. 1912 செப்டம்பர் 28ஆம் நாள் அல்ஸ்டர் உடன்படிக்கையிலும் மகளிர்க்கெனத் தனியே வரையப்பட்ட உறுதிமொழியிலுமாக 4,70,000க்கும் மேற்பட்டோர் கையெழுத்திட்டனர். 1798இல் மன்னருக்கு எதிராக எழுந்தவரின் வழித்தோன்றல்கள், பிரிட்டனோடு பிணைந்திருப்பதற்காக அவ்வரசின் நாடாளுமன்றத்தையே எதிர்க்கத் துணிந்தனர். இடைப்பட்ட காலத்தில் அவர்தம் வழிபாடு மாறவில்லை. அவர்தம் நலனே இடம் மாறியிருந்தது.

சமயக் கொள்கை முற்றிலும் பொருளற்றது என்று நாம் வாதிடவில்லை. கலப்பு மணத்தைக் கட்டுப்படுத்தி 1908இல் நடைமுறைக்கு வந்த கத்தோலிக்கத் திருச்சபையின் ஆணை, அத்தகைய குடும்பங்களைத் தொல்லைப்படுத்தியது. தன்னாட்சி என்பது ரோமாபுரியின் ஆட்சியே என்னும் பரப்புரைக்கு அது தீனியாயிற்று. தெற்கே 1937இல் இயற்றப்பட்ட அரசியலமைப்பு கத்தோலிக்கத் திருச்சபைக்குச் சிறப்பிடம் தந்தது. அப்பிரிவை நீக்க 1972ஆம் ஆண்டின் பொதுவாக்கெடுப்பு வரை காத்திருக்க வேண்டியிருந்தது. வடக்கே, 1951இல் தனிச்சபை கண்ட இயன் பெய்ஸ்லி போப்பாண்டவரை எதிர்க்கிறிஸ்து என்றே முழங்கினார். எனினும் அதே பெய்ஸ்லி 2007இல், முன்னாள் ஐ.ஆர்.ஏ. தலைவர் மார்ட்டின் மக்கின்னஸைத் துணை முதலமைச்சராகக் கொண்டு முதலமைச்சர் பதவியை ஏற்றார். போப்பாண்டவரைப் பற்றிய அவர் கருத்து அதற்கிடையில் மாறிவிட்டதாக எவரும் கருதவில்லை.

வாக்குக் கணக்கு

அயர்லாந்து 1921இல் பிரிக்கப்பட்டபோது அல்ஸ்டரின் ஒன்பது மாவட்டங்களுள் ஆறு மட்டுமே வட அயர்லாந்தாயின. டோனிகால், கேவன், மொனகன் ஆகிய மூன்றும் விடப்பட்டன. ஒன்பதையும் சேர்த்திருப்பின் ஒன்றியவாதிகளின் பெரும்பான்மை நிலைத்திராது. ஆறு மாவட்டங்களில் புரோட்டஸ்டண்டார் ஏறத்தாழ மூன்றில் இரு பங்கினர். எல்லைக்கோடு வரைந்த கணக்கே இதுவாதலின், அவ்வரசுக்கு ஒவ்வொரு குடிமகனின் பிறப்புச் சபையும் அரசியல் புள்ளிவிவரம் ஆயிற்று. 1934இல் முதலமைச்சர் ஜேம்ஸ் கிரெய்க் தம் நாடாளுமன்றம் புரோட்டஸ்டண்டு நாடாளுமன்றம் என்று அவையிலேயே பெருமிதத்தோடு உரைத்தார். தெற்கே தம்மைக் கத்தோலிக்க அரசு என்று கூறிக்கொள்வதற்கு அது மறுமொழி என்பது உண்மையே. ஆயினும் அவ்வரசின் குடிகளுள் மூன்றில் ஒரு பங்கினர் அத்தொடருக்கு வெளியே நிறுத்தப்பட்டனர்.

இக்கணக்கின் செயற்பாட்டை டெரி நகரத்தைப் போல் வேறெவ்வூரும் காட்டுவதில்லை. விகிதாசார முறையில் நடந்த 1920ஆம் ஆண்டுத் தேர்தலில் நகராட்சி தேசியவாதிகளின் கைக்கு வந்தது. 1922இல் உள்ளாட்சித் தேர்தல்களுக்கு அம்முறை ஒழிக்கப்பட்டது. 1936இல் வட்டார எல்லைகள் திருத்தி வரையப்பட்டன. அதன் விளைவை 1969இல் வெளிவந்த கேமரன் ஆணையத்தின் அறிக்கை எண்களால் விளக்குகிறது. 1967ஆம் ஆண்டில் நகரின் கத்தோலிக்க வாக்காளர் 14,429 பேர், ஏனையோர் 8,781 பேர். தெற்கு வட்டாரத்தில் மட்டும் 10,047 கத்தோலிக்கர் அடைக்கப்பட்டிருந்தனர். அவ்வட்டாரத்திற்கு எட்டு இடங்கள். ஏனையோர் பெரும்பான்மையராக இருந்த வடக்கு வட்டாரத்திற்கும் வாட்டர்சைடு வட்டாரத்திற்கும் முறையே எட்டும் நான்கும். முடிவில் ஒன்றியவாதிகள் பன்னிருவர், எதிரணியினர் எண்மர். வாக்காளர் பெரும்பான்மை அவையில் சிறுபான்மையாயிற்று.

உள்ளாட்சி வாக்குரிமை வீட்டுரிமையாளருக்கும் வாடகைக் குடியிருப்பாளருக்கும் அவர்தம் மனைவி அல்லது கணவருக்கும் மட்டுமே உரியதாக இருந்தமையால், நகராட்சி வீடு ஒன்றை ஒதுக்குவது இரண்டு வாக்குகளை ஒதுக்குவதற்குச் சமமாயிற்று. வீட்டு ஒதுக்கீடு போராட்டத்தின் தீப்பொறி ஆனதற்கு இதுவே காரணம். பெற்றோர் வீட்டில் தங்கியிருந்த ஏழைப் புரோட்டஸ்டண்டாரும் இவ்விதியால் வாக்கிழந்தனர் என்பதை அன்றைய ஒன்றியவாதத் தலைமை பேசவில்லை. தேசியவாதிகளும் போதிய அளவு பேசவில்லை. வறுமையின் அடிப்படையில் ஒரு பொதுப் பெயர் உருவாகியிருக்கக்கூடிய இடம் அது. 1968 அக்டோபர் 5ஆம் நாள் டெரியில் குடியுரிமைப் பேரணி காவலர்களால் தாக்கப்பட்டது. 1969 ஆகஸ்டில் பிரிட்டிஷ் படை தெருவில் இறங்கியது. 1972 சனவரி 30ஆம் நாள் அதே நகரில் படையினர் சுட்டதில் பதின்மூவர் அன்றே இறந்தனர், ஒருவர் பின்னர் இறந்தார். அவ்வாண்டில் மட்டும் பலியானோர் ஏறத்தாழ 480 பேர். மார்ச் மாதத்தில் வட அயர்லாந்தின் நாடாளுமன்றம் முடக்கப்பட்டு லண்டனின் நேரடி ஆட்சி வந்தது.

பிரீலின் நாடகம்: எவரெவர் மேடையில் இல்லை?

இவ்வரலாற்றின் நடுவே, 1980 செப்டம்பரில், டெரியின் கில்டு மண்டபத்தில் ‘டிரான்ஸ்லேஷன்ஸ்’ அரங்கேறியது. மேற்சொன்ன வட்டாரக் கணக்கால் உருவான நகராட்சி அமர்ந்திருந்த மண்டபம் அது. பிரீலும் நடிகர் ஸ்டீபன் ரேயும் தொடங்கிய பீல்ட் டே நாடகக் குழுவின் முதல் படைப்பு. இடத்தேர்வே ஓர் அரசியல் செயல்.

கதை 1833இல் டோனிகால் சிற்றூர் ஒன்றின் திண்ணைப்பள்ளியில் நடக்கிறது. பிரிட்டிஷ் நில அளவைப் படை வந்து ஊர்ப்பெயர்களை ஆங்கில வடிவுக்கு மாற்றுகிறது. ஆசிரியர் ஹியூவின் இளைய மகன் ஓவன் அப்படைக்கு மொழிபெயர்ப்பாளன். அதிகாரிகள் அவனை ரோலண்டு என்று தவறாக அழைக்கின்றனர். அவனும் திருத்தாமல் விட்டுவிடுகிறான். தொடக்கக் காட்சியில், பேச இயலாதவள் என்று கருதப்பட்ட சாரா எனும் பெண் தன் பெயரைச் சொல்லக் கற்றுக்கொள்கிறாள். இறுதிப் பகுதியில் படைத்தலைவன் லான்சி அதட்டிக் கேட்கும்போது அப்பெயரை அவளால் சொல்ல இயலவில்லை. பெயரிடும் அதிகாரத்தையும் பெயரிழப்பின் வலியையும் இவ்வளவு சிக்கனமாகக் காட்டிய நாடகம் அரிது. அயர்லாந்து மொழியில் பேசுவோரும் ஆங்கிலம் பேசுவோரும் மேடையில் ஆங்கிலமே பேசி, ஒருவரையொருவர் புரிந்துகொள்ளாமல் நிற்கும் உத்தி மொழிபெயர்ப்பியல் ஆசிரியருக்குப் பெருவிருந்து. இச்சிறப்புகளை நாம் மறுக்கவில்லை.

நாடகத்தின் வரலாற்றுப் பிழைகளைப் பலர் எடுத்துக்காட்டியுள்ளனர். அளவைப் பணியின் வரலாற்றை எழுதிய ஜே. எச். ஆன்ட்ரூஸ் அவர்களுள் முதன்மையானவர். அளவைத் துறை ஜான் ஓடனவன் எனும் அயர்லாந்து மொழிப் புலவரை அமர்த்தி மூலப்பெயர்களை ஆராய்ந்து பதிவுசெய்யவும் செய்தது. அப்பதிவுகள் இன்றும் ஊர்ப்பெயர் ஆய்வுக்குக் கருவூலமாக உள்ளன. எனினும் நாடகத்தை ஆவணமாகக் கருதிப் பிழை காண்பது பயனற்ற வேலை என்பதே நம் எண்ணம். படைப்பாளிக்கு அவ்வுரிமை உண்டு.

நம் மறுப்பு வேறிடத்தில் உள்ளது. 1980ஆம் ஆண்டின் டெரி நகரத்துப் பார்வையாளருக்காக, அந்நகரின் பிளவை மனத்திற்கொண்டு எழுதப்பட்ட நாடகத்தில் அல்ஸ்டர்ப் புரோட்டஸ்டண்டு ஒருவர்கூட இல்லை. மேடையில் ஒருபுறம் அயர்லாந்து மொழி பேசும் கத்தோலிக்கச் சிற்றூரார், மறுபுறம் இங்கிலாந்திலிருந்து வந்த படையினர். நாடகம் முடிந்ததும் படையினர் தாயகம் திரும்பிவிடலாம். அல்ஸ்டரில் இருநூறாண்டுக்கும் மேலாக உழுது வாழ்ந்த பிரெஸ்பிட்டேரிய உழவனுக்குத் திரும்பிச் செல்லத் தாயகம் வேறில்லை. அவன் பேசிய ஸ்காட்லாந்து வழக்கு கலந்த மொழிக்கும், அவன் தன் வயல்களுக்கு இட்ட பெயர்களுக்கும் இந்நாடகத்தின் மொழிக்கொள்கையில் இடமில்லை. கதைக்களம் டோனிகாலின் மேற்குப் பகுதியாதலின் அவன் அங்கு இருந்திருக்க வேண்டியதில்லை என்று விடை கூறலாம். ஆனால் அக்களத்தைத் தேர்ந்தவர் ஆசிரியரே. எல்லைக்கோட்டால் விடப்பட்ட மாவட்டத்தில் கதையை நிறுத்தியதால், கோட்டுக்கு உள்ளே இருந்த மக்களின் மிகக் கடினமான வினாவை அவர் சந்திக்காமல் தப்பினார். பிளவுண்ட சமுதாயத்தின் கதை, ஆளும் நாட்டுக்கும் ஆளப்படும் நாட்டுக்கும் இடையிலான கதையாக எளிமைப்பட்டது. உலகெங்கும் இந்நாடகம் விரும்பப்படுவதற்கு அவ்வெளிமையும் ஒரு காரணம் என்று கருதுகிறோம். காலனியாட்சியைக் கண்ட எந்நாட்டு மாணவரும் தம் கதையை அதில் காணலாம். வட அயர்லாந்தின் கதையை மட்டும் முழுமையாகக் காணவியலாது.

எதிர்ப்பக்கத்துப் பெயரை ஏற்றல்

ஐந்தாண்டு கழித்து டப்ளினில் அரங்கேறிய மக்கின்னஸின் நாடகம் அவ்விடைவெளியை நோக்கியே நகர்கிறது. அதன் நெடிய தலைப்பு, சோம் போர்க்களம் நோக்கி நடைபோடும் அல்ஸ்டரின் மைந்தரைக் காணுமாறு நம்மை அழைக்கிறது. மக்கின்னஸ் டோனிகாலில், கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர். 1916 சூலை 1ஆம் நாள் சோம் களத்தில் இறங்கிய 36ஆம் அல்ஸ்டர் படைப்பிரிவின் எட்டுப் புரோட்டஸ்டண்டு வீரர்களே அவர்தம் மாந்தர். அப்பிரிவு இரண்டே நாளில் இறந்தோரும் காயமுற்றோரும் காணாமற்போனோருமாக ஏறத்தாழ 5,500 பேரை இழந்தது. ஒன்றியவாத மரபில் அது வழிபாட்டுக்குரிய நினைவு.

போர்க்களத்தில் அவ்வீரர்கள் பாயின் போரை விளையாட்டாக நடித்துப் பார்க்கின்றனர். ஆண்டுதோறும் ஸ்கார்வா எனும் ஊரில் நடக்கும் விழாவின் போலி அது. முடிவு முன்பே தெரிந்த போர், வில்லியமே வெல்ல வேண்டும். ஆனால் வில்லியமைத் தோளில் சுமந்தவன் இடறிவிட, வெற்றி மன்னன் வீழ்கிறான். வீரர்கள் திகைத்து நிற்கின்றனர். தம் பெயருக்கு ஆதாரமான கதை தம் கண்முன்னே தவறிப்போகக் காணும் அச்சம் அது. அவர்களுள் கிராஃபோர்டு எனும் இளைஞன் தன் தாய் கத்தோலிக்கராகப் பிறந்தவர் என்பதை வெளிப்படுத்தும் இடமும் உண்டு. ஆசிரியர் இவர்களை எள்ளி நகையாடவில்லை, மன்னித்துவிடவும் இல்லை. எதிர்ப்பக்கத்தாரின் பெயரைத் தாமே அணிந்து, அதன் உள்ளே எவ்வளவு அச்சம் உறைந்துள்ளது என்று காட்டுகிறார். பிரீலின் நாடகத்தைக் கற்பிக்கும் வகுப்புகளில் இதனையும் உடன்வைத்துக் கற்பிப்பது தகும். அவ்வாறு செய்யும் பாடத்திட்டங்களை அரிதாகவே காண்கிறோம்.

உடன்பாட்டின் பெயர்ப்பட்டியல்

1998 ஏப்ரல் 10ஆம் நாள் எட்டப்பட்ட பெல்பாஸ்ட் உடன்பாட்டை வட அயர்லாந்து வாக்காளருள் 71.1 விழுக்காட்டினர் ஏற்றனர். அது வன்முறையைப் பெருமளவு நிறுத்தியது. அதன் அருமையைக் குறைத்துப் பேசுவது நம் நோக்கமன்று. எனினும் அவ்வுடன்பாடு பெயர்களை நீக்கவில்லை, அவற்றுக்குச் சட்ட வடிவம் தந்தது. பேரவை உறுப்பினர் ஒவ்வொருவரும் ஒன்றியவாதி, தேசியவாதி, பிறர் எனும் மூன்றனுள் ஒன்றாகத் தம்மைப் பதிவு செய்ய வேண்டும். முதன்மையான தீர்மானங்களுக்கு முதல் இரு வகையிலும் தனித்தனியே போதிய ஆதரவு தேவை. பிறர் என்போரின் வாக்கு மொத்தத்தில் எண்ணப்படும், தனி எடை பெறாது. 2001 நவம்பரில் டேவிட் டிரிம்பிளை மீண்டும் முதலமைச்சராக்க ஒன்றியவாதிகளின் வாக்குப் போதாதபோது, எப்பக்கமும் சாராத அலையன்ஸ் கட்சியினர் சிலர் தம்மைத் தற்காலிகமாக ஒன்றியவாதிகள் என மறுபதிவு செய்து அவ்வாட்சியைக் காத்தனர். நாடகாசிரியர் எவரேனும் இதனைப் புனைந்திருந்தால் மிகையென்று கூறியிருப்போம்.

நிருவாகமும் இவ்வாறே நடக்கிறது. பணியமர்த்தலில் பாகுபாட்டைத் தடுக்க இயற்றப்பட்ட 1989ஆம் ஆண்டுச் சட்டம், ஊழியர் எச்சமுதாயத்தைச் சேர்ந்தவர் என்று நிறுவனங்கள் கணக்கெடுத்து அறிவிக்க வேண்டும் என்றது. ஊழியர் சொல்லாவிடில், அவர் படித்த பள்ளி முதலியவற்றைக் கொண்டு ஊகிக்கவும் வழியுண்டு. தெருவில் அயலார் செய்து வந்த ஊகத்தை, நீதிக்காகவே எனினும், அரசும் மேற்கொண்டது. 2001 முதல் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில், எச்சமயமும் இல்லை என்பாரிடம் எச்சமயத்தில் வளர்க்கப்பட்டீர் என்று மேலும் ஒரு வினா கேட்கப்படுகிறது. 2021ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி கத்தோலிக்கப் பின்னணியினர் 45.7 விழுக்காடு, புரோட்டஸ்டண்டு முதலான ஏனைய கிறிஸ்தவப் பின்னணியினர் 43.5 விழுக்காடு. எல்லைக்கோட்டை வரைந்த கணக்கு நூறாண்டில் தலைகீழாயிற்று. அதே கணக்கெடுப்பில் சமயம் இல்லை என்றோர் 17.4 விழுக்காட்டினர். 2022ஆம் ஆண்டுத் தேர்தலில் அலையன்ஸ் கட்சி 17 இடங்களைப் பெற்றது. 2024 பிப்ரவரியில் மிஷெல் ஓ’நீல் முதல் தேசியவாத முதலமைச்சரானார். நாளேடுகள் பெரிதுபடுத்தியது முதல் எண்ணையும் இறுதிச் செய்தியையும். நாம் நின்று நோக்க விரும்புவது இடையிலுள்ள இரண்டை.

பெயரற்றோரின் நாவல்

2018ஆம் ஆண்டு மேன் புக்கர் பரிசு பெற்ற ‘மில்க்மேன்’ நாவலில் மாந்தர்க்குப் பெரும்பாலும் பெயர் இல்லை. பெல்பாஸ்ட்டின் ஆர்டாய்ன் பகுதியில் பிறந்த பர்ன்ஸ், ஊரின் பெயரையும் சொல்வதில்லை. கதைசொல்லும் பதினெட்டு வயதுப் பெண் நடுச் சகோதரி என்றே குறிக்கப்படுகிறாள். அவள் நேசிப்பவன் காதலன் என்று உறுதிப்படாத ஒருவன். பிரிட்டன் என்பது கடலுக்கு அப்பாலுள்ள நாடு, மறுபக்கத்தார் சாலைக்கு அப்பாலுள்ளோர். கத்தோலிக்கர், புரோட்டஸ்டண்டார் எனும் சொற்களைத் தவிர்த்தே எழுதிச் செல்கிறார் ஆசிரியர். ஆயினும் எவர் எப்பக்கத்தவர் என்பதில் வாசகருக்கு ஐயமே எழுவதில்லை. எந்த வெண்ணெய் சரியானது, எந்தத் தேநீர் தவறானது, பிள்ளைக்கு எப்பெயரை இடலாகாது என்பன யாவும் அங்கு வரையறுக்கப்பட்டுள்ளன. இடலாகாப் பெயர்களுக்குப் பட்டியலே உண்டு. அவள் காதலனுக்குப் பழைய பென்ட்லி காரின் உதிரிப்பாகம் ஒன்று கிடைக்கிறது. அது எந்நாட்டுக் காரின் பாகம், அதில் கொடி பொறித்த துண்டும் இருந்ததா என்று அண்டை வீட்டார் அவனை விசாரணைக்கு உள்ளாக்குகின்றனர். நகைச்சுவையாகத் தொடங்கும் காட்சி மெல்ல மெல்ல உயிரச்சமாக மாறுகிறது.

பெயர் நீக்கம் இந்நாவலில் வெறும் உத்தியன்று என்பது நம் மதிப்பீடு. உல்ப் டோன் பெயர்களை நீக்கினால் பிளவு நீங்கும் என்று கருதினார். பர்ன்ஸ் பெயர்களை நீக்கிக் காட்டுகிறார், பிளவோ அப்படியே நிற்கிறது. அது பெயரில் மட்டும் இல்லை, வெண்ணெயிலும் தேநீரிலும் கார்ப்பாகத்திலும் ஊறிக்கிடக்கிறது என்று தெரியவருகிறது. மேலும், பிளவு வெளிப்பக்கத்தை மட்டும் காவல் செய்வதில்லை. எதிரி யார் என்று ஓயாது கவனிக்கும் ஊர், தன் பெண்கள் யாரோடு நடக்கிறார்கள் என்பதையும் ஓயாது கவனிக்கிறது. ஆயுதக் குழுவைச் சேர்ந்த நாற்பத்தொரு வயது மனிதன் அவளைப் பின்தொடர்கிறான். அவள் அவனது வைப்பு என்று ஊர் தீர்மானித்துவிடுகிறது. அவள் மறுத்துச் சொல்வதற்கு அவ்வூரின் மொழியில் சொல்லே இல்லை. அரசியல் வரலாற்று நூல்களின் வாக்குக் கணக்கிலும் இறப்புக் கணக்கிலும் இடம்பெறாத வன்முறை இது. பிரீலின் சாரா படைத்தலைவனின் அதட்டலுக்கு முன் வாயடைத்தாள். பர்ன்ஸின் நடுச் சகோதரி தன் சொந்த மக்களின் முன் வாயடைக்கிறாள். இப்படைப்பைக் கூடுதல் துணிவுடையதாக நாம் கருதுவது இதனாலேயே. நாவலின் சுற்றிவளைக்கும் நடை சில இடங்களில் வாசகரின் பொறுமையைச் சோதிப்பதும் உண்மைதான். ஆனால் நேரே சொன்னால் ஆபத்து என்று கற்ற மனத்தின் நடை வேறெவ்வாறு இருக்கும்?

நகர மையத்தில் நடக்கும் பிரெஞ்சு மொழி மாலை வகுப்புக் காட்சி ஒன்று இந்நாவலில் வருகிறது. இருபக்கத்தாரும் வந்து படிக்கும் வகுப்பு. பாடத்தில் வானத்தை நீலம் அல்லாத வேறு நிறங்களால் வருணித்திருப்பதைக் கேட்டதும் மாணவர்கள் கொதித்தெழுகின்றனர். வானம் நீலம், அவ்வளவே என்று இருபக்கத்தாரும் ஒரே குரலில் வாதிடுகின்றனர். ஆசிரியை அவர்களைச் சாளரத்தருகே அழைத்துச் சென்று அந்திவானத்தைப் பார்க்கச் சொல்கிறார். அங்கே எத்தனையோ நிறங்கள் உள்ளன, நீலம்தான் காணவில்லை. மாணவர்கள் அதனை ஒப்புக்கொள்ளத் தயங்குகின்றனர். ஒரு நிறத்திற்கு மேல் உண்டு என்று ஏற்றுவிட்டால் அடுத்து எதையெல்லாம் ஏற்க நேருமோ என்ற கலக்கம் அவர்களிடம் தெரிகிறது.